சொல்லால் விளையும் புண்

கம்பநாட்டாழ்வார் அயோத்தியா காண்டத்தில் மந்தரை சூழ்ச்சிப் படலம் என ஒன்றை அமைத்துள்ளார். பிறர் மனத்தைக் கெடுப்போரின் இயல்பை அறிய விரும்பும் அன்பர்கள் அதனை நிதானமாகப் படித்தல் நலம்.

இராமனுக்கு முடிசூட்டு விழா எனக் கேட்ட கைகேயி மகிழ்ந்து மந்தரைக்கு மாலை பரிசளித்தாள். அவளோ அதனைத் தரையில் வீசியெறிந்தாள். ஒருவர் மகிழ்ச்சியைப் பேதைமை என இழித்துரைப்பதே முதல் அடையாளம். பின்னர் அச்சமூட்டினாள். பரதனைக் கேகய நாட்டிற்கு அனுப்பியதே வஞ்சனை என்றாள். இனிக் கோசலையின் தயவில் வாழ நேரும் என்றாள். கைகேயி சினந்து கடிந்தும் அவள் விட்டாளில்லை. அனைத்தும் கைகேயியின் நலம் நாடுவது போலவே சொல்லப்பட்டன. அடித்துத் துன்புறுத்துவாரை ஊர் அறியும். அன்பின் பெயரால் உற்றாரைப் பிரிப்பாரை உடனுறைவோரும் அறிவதில்லை.

இளமையில் இராமன் வில்லுண்டையால் தன் கூனில் அடித்ததை மந்தரை மறந்திலள் என்பதையும் கம்பர் சுட்டுகிறார். புண்பட்டவர் பிறரைப் புண்படுத்துதல் உண்டு. அதனால் அச்செயல் குற்றமற்றதாகிவிடாது.

இச்சூழ்ச்சியால் நொந்தவருள் பரதனும் ஒருவன். தந்தை மறைந்தார், தமையன் கானகம் சென்றான், பழியோ தன்மேல். பள்ளிபடைப் படலத்தில் அவன் கோசலையின் அடிகளில் வீழ்கிறான். அவளுக்கும் ஐயம் இருந்தது. அதனை மறையாது கேட்டாள். அவன் அழுது சூளுரைத்ததை முழுதும் செவிமடுத்தாள், நம்பினாள், தழுவி அழுதாள். கணவனை இழந்து, மகனைப் பிரிந்திருந்த வேளையில் அவள் அளித்த ஆறுதல் அது.

இக்காலத்தில் மாமியார் வீட்டில் ஏச்சுக்கேட்டு வாழும் பெண்ணிடமும், பிள்ளைகளால் இகழப்படும் முதியவரிடமும், 'பொறுத்துப் போ' என்று மட்டும் சொல்லி நகர்ந்துவிடுகிறோம். அவர் சொல்வதை முதலில் கேட்கவேண்டும். கேட்டதை ஊரெங்கும் பரப்பலாகாது. 2005ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம், இழிசொல்லையும் மகப்பேறின்மையைச் சுட்டி ஏசுவதையும் வன்முறையாகவே கொள்கிறது. பெண்கள் 181 என்ற எண்ணிலும் முதியோர் 14567 என்ற எண்ணிலும் உதவி கோரலாம்.

வெள்ளிதோறும் விளக்கேற்ற வந்த பெண் சில வாரங்களாக வாராதிருப்பின், அவள் இல்லம் சென்று நலம் விசாரித்து வரலாம்.