கையெழுத்துக்கு முன்

பெண்களின் பொருளாதாரச் சமத்துவத்துக்காக ஊர் ஊராகப் போய்ப் பேசுகிற நாங்கள் பெரும்பாலும் வருமானத்தைப் பற்றியே பேசுகிறோம். கூலி உயர வேண்டும், குழுக் கடன் கிடைக்க வேண்டும், கைத்தொழில் கற்றுத்தர வேண்டும் என்கிறோம். எல்லாமே தேவைதான். 1989-இல் தருமபுரியில் தொடங்கிய மகளிர் சுய உதவிக் குழுக்கள் தமிழ்நாடு முழுக்கப் பரவியதால்தான் எத்தனையோ பெண்கள் வட்டிக்காரரை விட்டு வங்கிப் படியேறினார்கள். ஆனாலும் இத்தனை காலத் தொண்டில் நான் வந்து சேர்ந்த முடிவு ஒன்று உண்டு. ஒரு பெண்ணிடம் ‘எவ்வளவு சம்பாதிக்கிறீர்கள்?’ என்று கேட்கும் முன், ‘பட்டா யார் பெயரில் இருக்கிறது?’ என்று கேட்க வேண்டும்.

காரணம் கண்முன்னே இருக்கிறது. நாற்றுப் பறிப்பது, நடவு, களையெடுப்பு என்று வயலில் குனிந்து நிற்பவர்கள் பெண்கள். ஆனால் 2015-16 வேளாண் கணக்கெடுப்பின்படி, நாட்டின் சாகுபடிக் கைப்பற்றுகளில் பெண்கள் நடத்துபவை சுமார் 14 சதவீதம்தான். தன் பெயரில் நிலம் இல்லாதவர் பயிர்க்கடனுக்குப் போனால் சிட்டா கேட்பார்கள். நெல் கொள்முதல் நிலையத்திலும் சிட்டா, அடங்கல் கேட்பார்கள். பிரதமரின் விவசாயி உதவித்தொகையும் நிலம் யார் பெயரில் உள்ளதோ அவருக்குத்தான். உழைப்பு அவருடையது, பணம் போவது இன்னொருவர் கணக்குக்கு. பணத்தோடும் இது முடிவதில்லை. திருவனந்தபுரம் மாவட்டத்தில் பீனா அகர்வாலும் பிரதீப் பாண்டாவும் நடத்தி 2005-இல் வெளியிட்ட ஆய்வில், நிலமோ வீடோ இல்லாத மணமான பெண்களில் 49 சதவீதம் பேர் கணவரின் அடிஉதைக்கு ஆளாகியிருந்தார்கள்; நிலமும் வீடும் சொந்தமாக உள்ளவர்களில் 7 சதவீதம் பேர். போக ஓர் இடம் இருக்கிற பெண்மேல் கை ஓங்க யோசிக்கிறார்கள் என்றே நான் இதைப் புரிந்துகொள்கிறேன்.

சட்டம் இல்லாமல் இல்லை. 1929-இல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு பெண்களுக்குச் சமமான சொத்துரிமை வேண்டுமென்று தீர்மானம் போட்டது. அறுபது ஆண்டு கழித்து, 1989-இல், பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனுக்குச் சமமான பங்கு என்று தமிழ்நாடு இந்து வாரிசுரிமைச் சட்டத்தைத் திருத்தியது. அதற்கு முன்பே மணமான மகள்களை மட்டும் விட்டுவிட்டது. அந்தக் குறையை 2005-இன் மத்தியத் திருத்தம் நீக்கியது. 2020-இல் உச்ச நீதிமன்றமும் இது பிறப்பால் வரும் உரிமை என்று தெளிவாக்கியது. அப்படி வந்த உரிமை எங்கே போகிறது? தகப்பனாரின் பதினாறாம் நாள் காரியம் முடிந்த கையோடு வாரிசுச் சான்றிதழ் வாங்குகிறார்கள். அதில் மகள் பெயரும் இருப்பதால் அவர் கையெழுத்து இல்லாமல் வேலை நடக்காது. அப்போதுதான் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு அழைத்துப்போய், தன் பங்கை விட்டுக்கொடுப்பதாக அவரிடம் விடுதலைப் பத்திரம் எழுதி வாங்குகிறார்கள். பதிவான பத்திரத்தை ரத்து செய்ய வேண்டுமானால், ஏமாற்றியோ மிரட்டியோ வாங்கினார்கள் என்று நீதிமன்றத்தில் நிரூபிக்க வேண்டும்.

‘நகை போட்டுச் சீர் செய்துதானே அனுப்பினோம்’ என்பார்கள். அந்த நகை பெரும்பாலும் புகுந்த வீட்டுத் தேவைக்கு அடகுக்குப் போகிறது. மகனின் படிப்புக்கும் தொழிலுக்கும் கொடுத்த பணத்தை அவன் பங்கில் யாரும் கழிப்பதுமில்லை. ‘பெற்றோரைப் பார்த்துக்கொள்வது மகன்தானே’ என்பது அடுத்த வாதம். 2007-ஆம் ஆண்டின் பெற்றோர் பராமரிப்புச் சட்டம் அந்தக் கடமையை மகளுக்கும் சேர்த்தே வைத்திருக்கிறது. நிலம் துண்டாகிவிடும் என்கிறவர்கள் இரண்டு அண்ணன் தம்பிகள் பிரிக்கும்போது அப்படிச் சொல்வதில்லை. கூட்டுப் பட்டாவாக வைத்து ஒன்றாகப் பயிர் செய்யவும் வழியிருக்கிறது. பதில் சொல்லக் கடினமானது ஒன்றே ஒன்றுதான். ‘பங்கு கேட்டால் பிறந்த வீட்டு வாசல் அடைபடும்.’ இந்தப் பயம் நியாயமானது. கணவர் வீட்டில் ஒன்று என்றால் ஓடிவர அண்ணன் வீடுதான் இருக்கிறது என்று கணக்குப் போட்டே ஒரு பெண் பங்கை விட்டுக்கொடுக்கிறார். அவரை விவரம் தெரியாதவர் என்று பேசும் தன்னார்வலர் காரியத்தைக் கெடுத்துவிடுவார். ஆனால் அந்த வாசலில் அவர் நிற்பது அண்ணனின் தயவால்; அண்ணியிடமும் அண்ணன் பிள்ளைகளிடமும் அந்தத் தயவு தொடரும் என்று எந்தப் பத்திரத்திலும் எழுதப்படுவதில்லை. தன் பங்கு என்று ஓர் அறை இருந்தால் யாரிடமும் கேட்டு நிற்க வேண்டாம்.

அதனால் இந்தத் தொண்டுக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்வது: சண்டை போடச் சொல்லாதீர்கள், அவகாசம் கேட்கச் சொல்லுங்கள். துக்க வீட்டில் எந்தத் தாளிலும் கையெழுத்து வேண்டாம். வில்லங்கச் சான்றிதழ் போட்டுப் பார்த்து, பத்திரத்தை ஒருவர் வாய்விட்டுப் படிக்கக் கேட்ட பிறகு முடிவு செய்யட்டும். முழுப் பங்கு கேட்க மனம் வராவிட்டால், சந்தை விலைக்குரிய தொகையைப் பத்திரத்தில் எழுதி வங்கி வழியாக வாங்கலாம். அல்லது வீட்டில் ஆயுளுக்கும் குடியிருக்கும் உரிமையை எழுதி வாங்கலாம். புதிதாக வாங்கும் மனையை மனைவி பெயரில் பதியச் சொல்லுங்கள். 2025 ஏப்ரல் முதல் 10 லட்சம் ரூபாய் மதிப்பு வரை பெண்கள் பெயரில் பதிந்தால் தமிழ்நாட்டில் பதிவுக் கட்டணம் 1 சதவீதம் குறைவு. பதிந்ததும் பட்டா மாறியதா என்று பாருங்கள். வக்கீலுக்குப் பணமில்லை என்று யாரும் பின்வாங்க வேண்டியதில்லை: வருமானம் எவ்வளவாக இருந்தாலும் பெண்களுக்கு மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் சட்ட உதவி இலவசம், தொலைபேசி எண் 15100.