விளக்கேற்ற முடியாத நாட்கள்

கேள்வி: நான் செவிலியர். இரவுப் பணி முடிந்து வீடு திரும்பினால் விளக்கேற்றக்கூடத் தெம்பிருப்பதில்லை. வெள்ளிக்கிழமை கோயிலும் நின்றுபோனது. “சாமியையே மறந்துட்டே” என்கிறார் மாமியார். மனசு உறுத்துகிறது. என்ன செய்வது?

பதில்: சகோதரி, மறந்தவருக்கு உறுத்தாது. பெரியபுராணத்தில் சேக்கிழார் பாடிய அடியார்கள் பலரும் உழைத்துப் பிழைத்தவர்கள்தான். நாகப்பட்டினத்து அதிபத்தர் பரதவர். அன்றாடம் வலையில் விழும் மீன்களில் ஒன்றைச் சிவனுக்கென்று கடலிலேயே விட்டுவிடுவார். நாளுக்கு ஒரே ஒரு மீன் கிடைத்த பஞ்ச காலத்திலும், வீட்டில் பசி இருக்க, அதையும் விட்டார். கடைசியில் பொன்மீன் வந்தபோதும் அவர் கை தயங்கவில்லை. இன்றும் ஆவணியில் நாகையில் தங்கமீனைக் கடலில் விடும் விழா நடக்கிறது. அவருக்குத் தொழிலும் வழிபாடும் ஒரே படகில் நடந்தன. காஞ்சியில் துணி வெளுத்த திருக்குறிப்புத் தொண்டரும் அப்படித்தான்.

உங்களுக்கும் வார்டுதான் அந்த இடம். பணி தொடங்கும்முன் கைகழுவும் அந்த அரை நிமிடம் இஷ்ட தெய்வத்தின் பெயரை மனதுக்குள் சொல்லுங்கள். பிறகு முதல் நோயாளியிடம் போங்கள். இரவில் மூன்றாவது முறை தண்ணீர் கேட்கும் முதியவரிடம் முகம் சுளிக்காமல் இருப்பது, என்னைக் கேட்டால், அர்ச்சனையைவிடக் கடினமான வழிபாடு.

அதற்காக விளக்கை விட்டுவிடச் சொல்லவில்லை. அந்தச் சுடர் முன் நிற்கும் அமைதி உங்களுக்கும் வேண்டும். விடுப்பு நாளில் நீங்களே ஏற்றுங்கள். மற்ற நாட்களில், “எனக்கும் சேர்த்து ஏத்திடுங்க அத்தை” என்று கேட்டுப் பாருங்கள்.