எரிக் ஓர்சென்னாவின் இளையோர் புனைகதையில் பிரெஞ்சு இலக்கணம்

முன்னுரை

பிரெஞ்சு மொழிக்கு அகராதி வகுப்பதைத் தன் கடமைகளுள் ஒன்றாகக் கொண்டு 1635இல் நிறுவப்பெற்றது பிரெஞ்சு அகாதெமி. 1998இல் அதன் உறுப்பினராகத் தேர்ந்தெடுக்கப்பெற்ற நாவலாசிரியர் எரிக் ஓர்சென்னா, 'இலக்கணம் ஓர் இனிய பாடல்' எனப் பொருள்படும் தலைப்பில் 2001இல் இளையோர்க்கான கதையொன்றை வெளியிட்டார். இலக்கணச் செய்தி அக்கதையில் நிகழ்ச்சியாக மாறும் பாங்கை இக்கட்டுரை ஆராய்கிறது.

கதையும் இலக்கணமும்

கப்பல் விபத்தில் பேச்சிழந்த ஜான் என்னும் சிறுமி, தமையனுடன் ஒரு தீவை அடைகிறாள். அங்குச் சொற்கள் தமக்கெனத் தனி நகரமைத்து வாழ்கின்றன. பெயர்ச்சொல்லும் பெயரடையும் மணம் புரிகின்றன. தமிழில் 'நல்ல' என்பது எப்பெயரோடு சேரினும் திரிவதில்லை. பிரெஞ்சிலோ பெயரடை, தான் சேரும் பெயரின் பாலுக்கும் எண்ணுக்கும் ஏற்பத் திரியும். இவ்வியைபே திருமணமாக உருவகிக்கப்பெறுகிறது. சொற்களின் மருத்துவமனையில், 'நான் உன்னைக் காதலிக்கிறேன்' என்னும் சிறு தொடர் ஓயாத பயன்பாட்டால் நலிந்து கிடக்கிறது. பேச்சிழந்தவளுக்குச் சொல்லுறவுகளை அறிதல் வாழ்வுத் தேவையாகிறது. இலக்கணம் கதைக்குள் இயல்பாக நுழைய இதுவே வழிசெய்கிறது.

உருவகத்தின் எல்லை

கலைச்சொற்களையே வற்புறுத்தும் பள்ளி ஆய்வாளர் கதையில் எள்ளலுக்குள்ளாகிறார். எனினும் பெயர், வினை, பெயரடை என்னும் மரபுப் பாகுபாட்டை ஆசிரியர் கைவிடவில்லை. எனவே அவரது மறுப்பு கற்பிக்கும் முறையைச் சார்ந்ததே. திருமண உருவகம் இயைபு உண்டு என்பதை உணர்த்தும். எப்பெயர்க்கு எவ்விகுதி என்பதை இலக்கண நூலே வரையறுக்கும்.

முடிவுரை

இலக்கண நூலின் இடத்தை இக்கதை நிரப்புவதில்லை. அந்நூலை நாடும் விருப்பத்தை மாணவரிடம் தோற்றுவிக்கிறது. அதுவே இதன் பயன்.