நேரலையில் வகையறிதல்

நுழையும்முன்

நூலகத்துக்குள் நுழையும் ஒருவர், பல்லாயிரம் நூல்களுக்கு இடையே தமக்கு வேண்டிய ஒன்றைச் சில நிமிடங்களில் கண்டெடுக்கிறார். அந்த எளிமைக்குப் பின்னால் வகைப்பாடு என்னும் அறிவு மறைந்து நிற்கிறது. நூல்களுக்கு அமைந்த அவ்வறிவு, இன்று இணைய நேரலைகளுக்கும் தேவைப்படுகிறது. காணொளி விளையாட்டுகளை ஆடியபடியே அவற்றை உலகுக்குக் காட்டும் இளைஞர்கள் பலர் உளர். தாம் ஆடும் விளையாட்டு எது என்று சரியாகக் குறிப்பதும் அவர்தம் பணியின் ஒரு பகுதியாகும். அக்குறிப்புப் பிழையானால் விளைவது என்ன என்பதை இப்பாடம் விளக்குகிறது.

அடுக்கு மாறிய நூல்

இந்திய நூலகவியலின் தந்தை எனப் போற்றப்படும் சீர்காழி இரா. அரங்கநாதன், சென்னை மாநிலக் கல்லூரியில் கணிதம் கற்பித்தவர். அவர் 1924ஆம் ஆண்டு சென்னைப் பல்கலைக்கழகத்தின் நூலகராகப் பொறுப்பேற்றார். நூலகப் பணிக்குரிய ஐந்து விதிகளை 1931ஆம் ஆண்டு நூலாக வெளியிட்டார். 1933ஆம் ஆண்டு கோலன் பகுப்பு முறையை உலகுக்கு அளித்தார். நூல்கள் பயன்படுவதற்கே உரியவை என்பதும், ஒவ்வொரு வாசகருக்கும் உரிய நூல் உண்டு என்பதும், ஒவ்வொரு நூலுக்கும் உரிய வாசகர் உண்டு என்பதும், வாசகரின் நேரத்தைக் காக்க வேண்டும் என்பதும், நூலகம் வளர்ந்துகொண்டே இருப்பது என்பதும் அவ்விதிகளின் சாரமாகும்.

அடுக்கு மாறி வைக்கப்பட்ட நூல் தொலைந்த நூலுக்கு ஒப்பாகும். அது நூலகத்துக்குள்தான் இருக்கிறது. எனினும் தேடுபவர் கைக்கு எட்டுவதில்லை. அதே வேளையில், அது தவறாக அமர்ந்திருக்கும் அடுக்கில் வேறொன்றைத் தேடி வந்தவரையும் அலைக்கழிக்கிறது. ஒரு பிழையால் இருவர் இழப்படைகின்றனர். நேரலையின் வகைமைப் பிழையும் இத்தன்மையதே.

ஒரு வகைமையிலிருந்து பிறந்த தளம்

விளையாட்டு நேரலைக்குப் பெயர்பெற்ற ட்விட்ச் தளத்தின் தோற்றமே வகைமையின் ஆற்றலைக் காட்டுகிறது. 2007ஆம் ஆண்டு அமெரிக்காவில் ஜஸ்டின் டிவி என்னும் நேரலைத் தளம் தொடங்கப்பட்டது. தன் அன்றாட வாழ்வை இடைவிடாது ஒளிபரப்பிய ஓர் இளைஞரின் முயற்சியாகத் தோன்றிய அது, பின்னர் எவரும் ஒளிபரப்பக்கூடிய பொதுத் தளமாயிற்று. அதில் அமைந்த பல பிரிவுகளுள் விளையாட்டுப் பிரிவு மிக விரைவாக வளர்ந்தது. ஆகவே அப்பிரிவைத் தனியே பிரித்து, 2011ஆம் ஆண்டு ட்விட்ச் என்னும் பெயரில் புதிய தளமாக வெளியிட்டனர். 2014ஆம் ஆண்டு தாய்த்தளம் மூடப்பட்டது. அவ்வாண்டிலேயே அமேசான் நிறுவனம் ஏறத்தாழ 97 கோடி டாலருக்கு ட்விட்சை வாங்கியது. ஓர் அடுக்காக இருந்தது தனி நூலகமாகவே வளர்ந்துவிட்டது.

இத்தளத்துக்குள் வரும் பார்வையாளர் இரு வழிகளில் நேரலையைத் தேடுகிறார். தாம் அறிந்த நேரலையாளரின் பெயரைக் கொண்டு தேடுவது ஒரு வழி. தாம் விரும்பும் விளையாட்டின் பெயரைக் கொண்டு தேடுவது மற்றொரு வழி. முன்னைய வழி ஏற்கெனவே புகழ்பெற்றோருக்கு உதவுகிறது. எவரும் அறியாத புதியவரிடம் பார்வையாளரைக் கொண்டு சேர்ப்பது பெரும்பாலும் பின்னைய வழியே. ஆகவே வகைமைப் பெயர் என்பது அப்புதியவர் வீட்டு வாயிலில் எழுதப்பட்ட முகவரி போன்றது.

பெயரொற்றுமையும் தெளிவும்

வகைமையைக் குறிப்பது கடினமான செயல் அன்று. நேரலைக்கு முன்னர்த் தலைப்பு, வகைமை, குறிச்சொற்கள், மொழி ஆகியவற்றைக் குறிக்கும் பகுதி திறக்கப்படுகிறது. வகைமைக்குரிய இடத்தில் விளையாட்டின் பெயரைத் தட்டச்சு செய்தால், பொருந்தும் பெயர்கள் படத்துடன் வரிசையாகத் தோன்றுகின்றன. அவற்றுள் ஒன்றைத் தேர்ந்தால் போதும். யூடியூப் தளத்திலும் விளையாட்டு என்னும் பொதுப் பிரிவைத் தேர்ந்த பின்னர், ஆடும் விளையாட்டின் பெயரைத் தனியே குறிக்கும் வசதி உண்டு.

பிழை நேர்வது இத்தேர்வின்போதுதான். ஒரே பெயரில் இரு விளையாட்டுகள் இருத்தல் அரிதன்று. 'ரெசிடென்ட் ஈவில் 2' என்னும் விளையாட்டு 1998ஆம் ஆண்டு வெளிவந்தது. அதே பெயரில் முற்றிலும் புதுப்பிக்கப்பட்ட வடிவம் 2019ஆம் ஆண்டு வெளிவந்தது. 'டூம்' என்னும் பெயர் 1993ஆம் ஆண்டு விளையாட்டுக்கும் உரியது. 2016ஆம் ஆண்டு விளையாட்டுக்கும் உரியது. பழைய விளையாட்டின் நுட்பங்களைக் காண விழைந்தவர், புதியதன் நேரலையைக் கண்டால் ஏமாற்றமடைவார்.

நம் நாட்டு இளைஞர் நன்கறிந்த சான்றும் ஒன்று உண்டு. 'பப்ஜி' என்னும் விளையாட்டு 2017ஆம் ஆண்டு கணினிக்கு வெளிவந்தது. 2018ஆம் ஆண்டு 'பப்ஜி மொபைல்' கைப்பேசிக்கு வந்தது. 2020ஆம் ஆண்டு இந்தியாவில் அது தடைசெய்யப்பட்ட பின்னர், 2021ஆம் ஆண்டு 'பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா' என்னும் பெயரில் இந்தியாவுக்கென ஒரு வடிவம் வெளியிடப்பட்டது. மூன்றும் ஒரு குடும்பத்தைச் சார்ந்தவை. எனினும் மூன்றும் வெவ்வேறு பெயருடையவை. பேச்சு வழக்கில் மூன்றையும் ஒரே பெயரால் சுட்டுவதில் தவறில்லை. வகைமையில் குறிக்கும்போது அத்தளர்ச்சி பொருந்தாது.

தெரியுமா?

விளையாட்டுகளின் பெயர், வெளிவந்த ஆண்டு, உருவாக்கிய நிறுவனம் முதலியவற்றைத் தொகுத்து வைத்துள்ள ஐ.ஜி.டி.பி. என்னும் தரவுத்தளத்தை 2019ஆம் ஆண்டு ட்விட்ச் வாங்கியது. ட்விட்சின் விளையாட்டு வகைமைகள் இத்தரவுத்தளத்தைச் சார்ந்தே அமைகின்றன. தாம் ஆடும் விளையாட்டின் பெயர் பட்டியலில் இல்லையெனில், அதனை இத்தரவுத்தளத்தில் சேர்க்குமாறு பயனர் எவரும் முன்மொழியலாம்.

வகைமை ஆற்றும் பணிகள்

வகைமை என்பது தேடலுக்கு மட்டும் உதவும் பெயர்ப்பலகை அன்று. அதைச் சார்ந்து வேறு பணிகளும் நிகழ்கின்றன.

முதலாவது, அது காண்போரைக் காக்கிறது. 2023ஆம் ஆண்டு ட்விட்ச், நேரலையின் உள்ளடக்கத்தை முன்னரே உணர்த்தும் அடையாளங்களை அறிமுகப்படுத்தியது. வன்முறை, சூதாட்டம், போதைப்பொருள் முதலியவற்றுக்கு நேரலையாளரே அடையாளமிட வேண்டும். முதிர்ந்தோருக்கெனத் தரமிடப்பட்ட விளையாட்டாயின், வகைமையைக் கொண்டே அடையாளம் தானாக இடப்படுகிறது. அத்தகைய விளையாட்டை ஆடுபவர் வேறொரு வகைமையைக் குறித்துவிட்டால், தானாக எழ வேண்டிய எச்சரிக்கை எழாமற்போகும். சிறுவர் ஒருவர் காணத்தகாததைக் காண அப்பிழையே காரணமாகலாம்.

இரண்டாவது, அது பரிசுக்கு வழிசெய்கிறது. குறிப்பிட்ட விளையாட்டின் நேரலையைக் குறிப்பிட்ட நேரம் காண்போருக்கு, அவ்விளையாட்டுக்குள் பயன்படும் பொருள்களைப் பரிசாக வழங்கும் முறை ட்விட்சில் உண்டு. நேரலையாளர் உரிய வகைமையைக் குறித்திருந்தால்தான் காண்போர் செலவிட்ட நேரம் கணக்கில் சேரும். வகைமையை மாற்ற மறந்த ஒருவரது நேரலையைப் பல மணிநேரம் கண்டவர், இறுதியில் வெறுங்கையோடு திரும்ப நேரிடும்.

மூன்றாவது, அது பிற்காலத்துக்குச் சான்றாகிறது. நேரலையின் இடையே வகைமை மாற்றப்படும்போது, பதிவாகும் காணொளி அதற்கேற்பப் பகுதிகளாகப் பிரிக்கப்படுகிறது. காண்போர் வெட்டியெடுத்துச் சேமிக்கும் சிறு காட்சியும் அவ்வேளையில் குறிக்கப்பட்டிருந்த வகைமையின்கீழ்ச் சேர்கிறது. அன்றைய மறதி பதிவிலும் நிலைத்துவிடுகிறது.

ஆசையும் மறதியும்

வகைமைப் பிழைகளுக்கு இரு காரணங்கள் உள்ளன. ஒன்று மறதி. நேற்றைய விளையாட்டின் பெயர் இன்றும் அவ்வாறே இருக்க, நேரலையைத் தொடங்கிவிடுவோர் உண்டு. ஒரு விளையாட்டை முடித்து மற்றொன்றைத் தொடங்கும்போது பெயரை மாற்றாதோரும் உண்டு. ஒளிபரப்பை நிறுத்தாமலேயே வகைமையை மாற்ற இயலும் என்பதால் இப்பிழையைக் களைவது எளிது.

மற்றொன்று ஆசை. மக்கள் பெரிதும் காணும் வகைமையில் தம் பெயர் இருந்தால் கூட்டம் வரும் எனச் சிலர் எண்ணுகின்றனர். அவ்வெண்ணம் பெரும்பாலும் பொய்த்துப்போகிறது. பார்வையாளர் மிகுந்த நேரலை முதலிலும் குறைந்தது இறுதியிலும் வருமாறு வரிசைப்படுத்தும்போது, புதியவர் பெயர் பட்டியலின் அடியில்தான் அமையும். அத்தொலைவு வந்து காண்பவரும் தாம் தேடியது அதுவன்று என அறிந்தவுடன் நீங்கிவிடுவார். மீண்டும் ஒருமுறை அப்பெயரைக் காணும்போது அவர் ஐயத்தோடுதான் நோக்குவார். வேண்டுமென்றே தலைப்பையும் வகைமையையும் பிழைபடக் குறிப்பது தளத்தின் நெறிமுறைகளுக்கும் மாறானதாகும்.

வெற்றிடத்தில் புகுந்த தீமை

வகைமைப் பிறழ்ச்சி எத்துணைத் தொலைவு செல்லும் என்பதற்கு 2019ஆம் ஆண்டு நிகழ்வொன்று சான்றாகிறது. வால்வ் நிறுவனம் 2018ஆம் ஆண்டு நவம்பரில் 'ஆர்டிபேக்ட்' என்னும் சீட்டு விளையாட்டை வெளியிட்டது. அதை ஆடுவோர் தொகை சில மாதங்களிலேயே பெரிதும் குறைந்தது. ட்விட்சில் அதன் வகைமை ஏறத்தாழ வெறுமையாயிற்று.

2019ஆம் ஆண்டு மே மாதம், அவ்வெற்றிடத்தில் விளையாட்டுக்குத் தொடர்பில்லாத நேரலைகள் புகுந்தன. முதலில் அவை நகையாட்டாகவே தோன்றின. பின்னர், பிறர் உரிமைக்குட்பட்ட திரைப்படங்களும் காணத்தகாத காட்சிகளும் வந்தன. அவ்வாண்டு மார்ச்சு மாதம் நியூசிலாந்தின் கிறைஸ்ட்சர்ச் நகரில் நிகழ்ந்த படுகொலையின் காட்சிகளும் அவ்வகைமையின்கீழ் ஒளிபரப்பப்பட்டன. ஒரு கணக்கை முடக்கினால் வேறொரு கணக்கு முளைத்தது. ஆகவே புதிதாகச் சேர்ந்தோர் நேரலை செய்வதை ட்விட்ச் சிறிது காலம் நிறுத்திவைத்தது. அடுத்த மாதம், அடையாளம் தெரியாத அந்நபர்கள்மீது கலிபோர்னியாவில் வழக்கும் தொடுத்தது.

இந்நிகழ்வில் துன்புற்றோர் யாவர் என எண்ணிப் பார்த்தல் தகும். அவ்விளையாட்டை உண்மையாகவே ஆடிக் காட்டிய சிலர், தம் இடத்தை இழந்தனர். அதைக் காண வந்தோர், மறக்க இயலாத கொடுமையைக் கண்டனர். எக்குற்றமும் செய்யாத புதியவர்கள், தம் முதல் நேரலையைத் தொடங்க இயலாது காத்திருந்தனர். வகைமை என்பது பலர்க்கும் பொதுவான இடம். அதைச் சிலர் பாழ்படுத்தினால் இழப்பு அனைவரையும் சாரும்.

வளரும் வகைப்பாடு

எல்லா நேரலைகளும் ஒரு விளையாட்டின் பெயருக்குள் அடங்குவதில்லை. விளையாட்டு தொடங்குமுன் நேரலையாளர் காண்போருடன் நெடுநேரம் உரையாடுவதுண்டு. அன்றாட வாழ்வைக் காட்டும் நேரலைக்கென 2016ஆம் ஆண்டு ட்விட்ச் தனி வகைமையை அமைத்தது. சமையல், பயணம், உரையாடல் எனப் பலவும் அவ்வொன்றிலேயே குவிந்தமையால், 2018ஆம் ஆண்டு அதனைப் பல வகைமைகளாகப் பிரித்தது. அவற்றுள் உரையாடலுக்கென அமைந்த 'ஜஸ்ட் சாட்டிங்' பின்னர், பெருந்திரளானோர் காணும் வகைமைகளுள் ஒன்றாயிற்று. நூலகம் வளர்ந்துகொண்டே இருப்பது என்னும் அரங்கநாதனின் கருத்து இங்கும் பொருந்துகிறது.

ஆதலால் முதல் அரைமணி நேரம் உரையாடுபவர் உரையாடல் வகைமையையும், ஆடத் தொடங்கியதும் விளையாட்டின் வகைமையையும் குறிப்பதே முறை. ஆடும் விதம், மொழி, நேரலையின் இயல்பு முதலிய பிறவற்றைக் குறிச்சொற்களால் உணர்த்தலாம். பெயர் பொதுவாகவும் விளக்கம் தனித்தன்மையோடும் அமையும்போது, தேடுபவருக்கு ஐயம் எழுவதில்லை.

நேரலையாளர் ஒருவர் தேர்ந்தெடுக்கும் வகைமை, அவர் காண்போருக்கு அளிக்கும் முதல் வாக்கு. அவர் முகத்தைக் காணுமுன், குரலைக் கேட்குமுன், காண்போர் படிப்பது அதனையே. பத்துப் பேர் மட்டுமே காணும் வகைமையாயினும், அப்பத்துப் பேரும் அதைத் தேடி வந்தவர்கள். தமக்குரிய காட்சியைத் தேடி வருபவருக்கு அதனைப் பிழையின்றி அளிப்பது, அவருடைய நேரத்தை மதிப்பதாகும். சில நொடிகளில் முடியும் இச்சிறு செயலில் அந்த மதிப்பு வெளிப்படுகிறது.

கற்பவை கற்றபின்...

1. உங்கள் பள்ளி நூலகத்தில் அடுக்கு மாறி வைக்கப்பட்ட நூல்களைக் கண்டறிந்து, நூலகரின் துணையோடு உரிய இடத்தில் வைக்க.

2. நீங்கள் அறிந்த விளையாட்டுகளுள் ஒரே பெயரோ ஒத்த பெயரோ உடையவற்றைப் பட்டியலிட்டு, அவற்றை வேறுபடுத்தும் கூறுகளை எழுதுக.

3. 'கூட்டம் மிகுந்த வகைமையில் பெயரைச் சேர்ப்பது புதியவருக்கு நன்மை தரும்' – இக்கூற்றை ஏற்றும் மறுத்தும் வகுப்பறையில் கலந்துரையாடுக.

4. 'ஆர்டிபேக்ட்' நிகழ்வில் தளத்தார் எடுத்த நடவடிக்கையால் குற்றமற்ற புதியவர்களும் பாதிக்கப்பட்டனர். இது தகுமா? உம் கருத்தைக் காரணத்துடன் ஒரு பக்க அளவில் எழுதுக.