மாவரைத்தவரின் காற்றாலை

காற்றாலை என்றதும் நம்மவர் நினைவில் எழுவது ஆரல்வாய்மொழிக் கணவாயும் முப்பந்தலும்தான். அவை மின்சாரம் தருவன. நான் ஈண்டுக் கூறப் புகுவது மாவரைத்த காற்றாலை ஒன்றின் வரலாறு. கணிதமோ இயற்பியலோ பயிலும் நண்பர்கள் 'கிரீன் சார்பு' என்பதோடு மல்லுக்கட்டாமல் தேர்வெழுதியிருக்க மாட்டார்கள். அந்தக் கிரீன் இந்த ஆலைக்காரர்தாம்!

இங்கிலாந்தில் நாட்டிங்காம் நகரையடுத்த ஸ்னென்டன் மேட்டில், 1807-இல் ரொட்டிக்கடைக்காரர் ஒருவர் செங்கல்லால் கோபுரம்போல் இவ்வாலையைக் கட்டினார். அவர் மகனே ஜார்ஜ் கிரீன், 1793-இல் பிறந்தவர். பள்ளிக்குச் சென்றது ஏறத்தாழ ஓராண்டு; ஒன்பது வயதில் தந்தையின் கடையில் வேலை, பிறகு ஆலையில். காற்று எழுந்தால் நள்ளிரவானாலும் அரைக்க வேண்டும். ஓய்ந்தால் காத்திருக்க வேண்டும். அந்தக் காத்திருப்பே அவருக்குக் கல்லூரியாயிற்று என்று எண்ணுகிறேன். ஆலையின் மேல்தளத்தில் அமர்ந்து அவர் பயின்றதாகக் கூறுவர். பகலில் உழைப்பும் இரவில் ஏடுமாக வாழ்வோர் நம் தாராவிக்குப் புதியவரல்லர். அவர்களுக்கு இது நன்கு விளங்கும்.

1828-இல் மின்சாரம், காந்தம் பற்றிய தம் கட்டுரையை அவர் நூலாக வெளியிட்டார். முன்பணம் தந்து வாங்கியோர் ஐம்பது பேருக்குச் சற்று மேல். அவர்களுள் எத்தனை பேருக்கு அது புரிந்திருக்கும்! அதன் கருத்து எளியது. ஒரு புள்ளியில் ஓர் அலகு மின்னேற்றத்தை வைத்தால் மற்ற இடங்களில் என்ன விளையும் என்று முதலில் கண்டுகொள். பின்னர் எத்தகைய மின்னேற்றப் பரவலாயினும் அதைப் புள்ளி புள்ளியாகப் பிரித்து, விளைவுகளைக் கூட்டிவிடலாம். 'பொட்டன்ஷியல்' என்ற பெயரை இத்துறைக்குத் தந்ததும் அந்நூலே.

தந்தை 1829-இல் இறந்தபின், 1833-இல், நாற்பதாம் வயதில், கிரீன் கேம்பிரிட்ஜில் மாணவராய்ச் சேர்ந்தார். 1837-இல் கணிதத் தேர்வில் நான்காமவராகத் தேறினார். 1841-இல் மறைந்தபோது அவரை அறிந்தோர் மிகச் சிலரே. வில்லியம் தாம்சன் (பிற்காலக் கெல்வின் பிரபு) 1845-இல் அந்நூலைத் தேடிப் பெற்று, பாரிசுக்குக் கொண்டு சென்று அங்குள்ள அறிஞருக்குக் காட்டியிராவிடில் அது மண்ணோடு போயிருக்கும்.

ஆலை ஏறக்குறைய மண்ணோடு போகத்தான் செய்தது. 1860-களில் அரைப்பு நின்றது. பின்னர் மரச்சாமான்களுக்கு மெருகுப்பொருள் செய்யும் கூடமாயிற்று. 1947-இல் தீப்பற்றி உள்ளிருந்ததெல்லாம் எரிய, செங்கற்சுவர் மட்டும் எஞ்சியது. 1970-களில் நாட்டிங்காம் பல்கலைக்கழகத்தார் நிதி திரட்டி அதை வாங்கி நகராட்சியிடம் ஒப்படைத்தனர். கூரை, நான்கு இறக்கைகள், பல்சக்கரங்கள், அரைகற்கள் அனைத்தும் பொருத்தப்பட்டன. காற்றுத் திசை மாறினால், பின்புறச் சிறு விசிறி சுழன்று கூரையையே திருப்பி, இறக்கைகளைக் காற்றுக்கு முகங்கொடுக்கச் செய்யும். 1986 டிசம்பரில் அவ்வாலை மீண்டும் மாவரைத்தது. அருகிலேயே சிறுவர்க்கான அறிவியல் கூடமும் உண்டு.

'எரிந்த சுவருக்கு இத்தனை பாடு எதற்கு? நூல்தான் இருக்கிறதே!' என்பார் சிலர். எனக்கு அது சரியாகப் படவில்லை. கிரீனின் உருவப்படம் ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. 1993-இல் வெஸ்ட்மின்ஸ்டர் கோவிலில், நியூட்டன் நினைவிடத்தருகே, அவருக்குப் பெயர்க்கல் பதித்தார்கள். அதிலும் முகத்துக்கு மாறாக ஆலையின் உருவத்தையே பொறித்திருக்கிறார்கள்.