வயல்வரப்பும் மனித மூளையும்

"எண்சாண் உடம்புக்குச் சிரசே பிரதானம்" என்று வீட்டுப் பெரியவர்கள் சொல்ல நாம் கேட்டிருக்கிறோம். அச்சிரசினுள் உறையும் மூளையைப் பற்றிப் பேசும்போது அதன் ஆற்றலையே பெரிதும் வியந்து பேசுவது நம் வழக்கம். அம்மூளை எத்துணை மெல்லியது, எத்துணை எளிதில் கேடுறக் கூடியது என்பதை நாம் எண்ணிப் பார்ப்பதில்லை. மனநலம் என்று பேசுவோர் கவலை, அச்சம், துயர் ஆகியவற்றைப் பற்றிப் பேசுவர். அவையும் வேண்டுவனவே. ஆனால் மனத்துக்கு இருப்பிடமான மூளை, வயலோரத்துக் கொசு ஒன்றினால் பாழாகக் கூடும் என்னும் செய்தி கிராமத்திலிருந்து வந்த மாணவர் பலருக்கும் தெரியாது. அதனை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

என் ஊர் வரதய்யபாளையம். ஆந்திர நாட்டில், தமிழக எல்லையை ஒட்டியுள்ள ஊர். 2022 வரை சித்தூர் மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. இப்போது திருப்பதி மாவட்டத்தில் உள்ளது. ஒருபுறம் உப்பலமடுகு அருவி விழும் காட்டுமலை. மற்றொருபுறம் ஏரிகளும் நெல்வயல்களும். கிழக்கே பழவேற்காடு ஏரி. அதற்கப்பால் விண்கலங்கள் எழும் ஸ்ரீஹரிகோட்டா. மூளையின் பெருமைக்குச் சான்று வேண்டுவோர் கிழக்கே ஸ்ரீஹரிகோட்டாவைப் பார்க்கலாம். மூளையின் மென்மையை உணர வேண்டுவோர் அதே வட்டாரத்து நெல்வயலைப் பார்த்தல் போதும்.

மூளைக்கு இயற்கை இட்ட அரண்

வளர்ந்த மனிதனின் மூளை ஏறத்தாழ 1,400 கிராம் எடையுள்ளது. உடல் எடையில் இது நூற்றில் இரண்டு பங்கே. ஆயினும் நாம் உட்கொள்ளும் பிராணவாயுவில் ஐந்தில் ஒரு பங்கை இதுவே செலவிடுகிறது. இதனுள் ஏறத்தாழ 8,600 கோடி நரம்பணுக்கள் உள்ளன. சில நிமிடம் பிராணவாயு கிட்டாவிடின் அவை மடியத் தொடங்கும். தோலில் காயம் பட்டால் புதுத்தோல் வளரும்; எலும்பு முறிந்தால் கூடும். மடிந்த நரம்பணுவோ பெரும்பாலும் மடிந்ததே.

இத்தகைய அரும்பொருளை இயற்கை காவலின்றி விடவில்லை. வெளியே மண்டையோடு என்னும் கோட்டை. அதனுள் மூன்று சவ்வுகள். அவற்றிடையே மூளைத் தண்டுவட நீர். இவை போதாவென்று இரத்தக் குழாய்களின் சுவரிலும் ஒரு காவல் உண்டு. இரத்தத்தில் வரும் பொருள்கள் எல்லாம் மூளைக்குள் நுழைந்துவிட இயலாது. அச்சுவர் தக்கவற்றை விட்டுத் தகாதவற்றைத் தடுக்கும். இத்தனை அரண்களையும் கடந்து சிற்சில கிருமிகள் உள்ளே புகுந்துவிடுகின்றன. அவ்வாறு புகும் கிருமிகளால் மூளையே வீங்கும் நோயைத் தமிழில் மூளைக்காய்ச்சல் என்கிறோம். எங்கள் ஊர்த் தெலுங்கில் அதற்கு 'மெதடுவாபு' என்று பெயர். மூளைவீக்கம் என்பது பொருள்.

வேலூரில் 1955

மூளைக்காய்ச்சல்களுள் ஒன்று ஜப்பானிய மூளைக்காய்ச்சல். ஜப்பான் நாட்டில் 1924ஆம் ஆண்டில் ஆறாயிரம் பேருக்கு மேல் இந்நோய்க்கு ஆளாயினர்; பாதிக்கு மேற்பட்டோர் இறந்தனர். 1935இல் நோயாளி ஒருவரின் மூளையிலிருந்து இதன் வைரஸ் பிரித்தெடுக்கப்பட்டது. ஜப்பானிலே முதலில் ஆராயப்பட்டமையால் அந்நாட்டின் பெயர் இதற்கு நிலைத்துவிட்டது.

இந்திய நாட்டில் இந்நோயாளிகள் முதன்முதலாக அடையாளங் காணப்பட்டது எங்கே? வட ஆர்க்காட்டு மாவட்டத்து வேலூரில், 1955ஆம் ஆண்டில். அங்குள்ள கிறித்தவ மருத்துவக் கல்லூரியில் குழந்தை மருத்துவராயிருந்த ஜான் வெப் என்பவரும் அவருடன் பணியாற்றியோரும், காய்ச்சலும் வலிப்பும் மயக்கமுமாகக் கொண்டுவரப்பட்ட குழந்தைகளைக் கூர்ந்து கவனித்தனர். இது பூச்சி கடித்துப் பரவும் மூளைக்காய்ச்சல் போலும் என்று ஐயுற்றனர். புனாவில் 1952இல் அமைக்கப்பட்ட வைரஸ் ஆராய்ச்சி நிலையத்தார் நோயாளிகளின் இரத்தத்தைச் சோதித்து, அவ்வையம் மெய்யே என்று காட்டினர்.

சித்தூர் 1911இல் தனி மாவட்டம் ஆகுமுன் வட ஆர்க்காட்டைச் சேர்ந்திருந்த நிலமே என்பதை இங்கு நினைவுகூர வேண்டும். மாநில எல்லைகள் மாறின. ஏரிப்பாசனமும் நெற்பயிரும் மாறவில்லை. கொசுவுக்கு எல்லைக்கோடு தெரியாது.

1955 முதல் 1966 வரை தென்னாட்டில் கண்டறியப்பட்ட நோயாளிகள் அறுபத்தைந்து பேர் அளவிலேயே இருந்தனர். பின்னர் 1973இல் மேற்கு வங்கத்தின் பாங்குரா, பர்த்வான் மாவட்டங்களில் இந்நோய் பெருவாரியாகப் பரவியது. 2005இல் உத்தரப் பிரதேசத்துக் கோரக்பூர்ப் பகுதியில் ஆயிரத்துக்கும் மேற்பட்டோரை மாய்த்தது. அவர்களுட் பெரும்பாலோர் குழந்தைகள்.

கொக்கும் பன்றியும் கொசுவும்

இவ்வைரஸின் இயற்கை இருப்பிடம் கொக்கு, நாரை முதலிய நீர்ப்பறவைகள். அவற்றுக்கு இது தீங்கு செய்வதில்லை. பறவையைக் கடித்த கொசு பன்றியைக் கடிக்குமாயின், பன்றியின் இரத்தத்தில் வைரஸ் மளமளவென்று பெருகும். பின்னர் அப்பன்றியைக் கடிக்கும் கொசுக்கள் பலவும் வைரஸைச் சுமந்து திரியும். அவற்றுள் ஒன்று மனிதனைக் கடித்தால் நோய் வரலாம். நோயுற்ற மனிதனைக் கடிக்கும் கொசு வைரஸைப் பெறுவதில்லை. ஏனெனில் மனித இரத்தத்தில் அது போதிய அளவு பெருகுவதில்லை. ஆகவே இந்நோய் மனிதரிடமிருந்து மனிதருக்குத் தொற்றாது. நோயுற்ற குழந்தையின் அருகே செல்ல அஞ்ச வேண்டியதில்லை.

வண்டியில் பூட்டும் எருதும் பால் தரும் பசுவும் இதில் நமக்கு ஒருவகையில் துணை புரிகின்றன. இக்கொசுக்களுக்கு மாட்டின் இரத்தமே மிக விருப்பம். மாட்டின் உடலிலோ இவ்வைரஸ் பெருகுவதில்லை.

கொசுக்களிலும் பல சாதி உண்டு. டெங்குவைப் பரப்பும் கொசு வீட்டுத் தொட்டியிலும் தேங்காய்ச் சிரட்டையிலும் முட்டையிட்டுப் பகலில் கடிக்கும். இதுவோ க்யூலெக்ஸ் வகுப்பைச் சேர்ந்தது. நீர் நிறைந்த நெல்வயலில் முட்டையிட்டு, பொழுது சாய்ந்த பின் கடிக்கும். எனவேதான் வடகிழக்குப் பருவமழை பெய்து வயலெல்லாம் நீர் கட்டி நிற்கும் ஐப்பசி, கார்த்திகை மாதங்கள் நம் பக்கத்தில் எச்சரிக்கையாயிருக்க வேண்டிய காலம்.

மூளைக்குள் நிகழ்வது

வைரஸ் உடலில் புகுந்தவர் அனைவரும் நோயுறுவதில்லை. ஏறத்தாழ 250 பேரில் ஒருவருக்கே கடுநோய் வருகிறது. மற்றவருடைய உடல் அதனை ஓசையின்றி வென்றுவிடும். ஆனால் கடுநோய் கண்டவருள் நூற்றுக்கு இருபது முதல் முப்பது பேர் இறக்கின்றனர்.

கொசு கடித்த நான்கு முதல் பதினான்கு நாட்களுக்குள் காய்ச்சல், தலைவலி, வாந்தி ஆகியவை தோன்றும். அடுத்து வலிப்பு, பிதற்றல், மயக்கம். உணர்ச்சிச் செய்திகளை ஏற்று அனுப்பும் தலாமஸ் என்னும் பகுதியையும், உடலசைவைச் சீர்ப்படுத்தும் உட்பகுதிகளையும் இவ்வைரஸ் சிறப்பாகத் தாக்குகிறது. இதனால் சிலருக்குக் கைகால் நடுங்கும். சிலருக்கு முகம் முகமூடி அணிந்தாற்போல் அசைவற்றுப் போகும். வைரஸைக் கொல்லும் தனிமருந்து இன்றுவரை இல்லை. மூச்சைக் காத்தல், வலிப்பை அடக்கல், மூளையின் வீக்கத்தைத் தணித்தல் ஆகியவையே மருத்துவர் செய்யக் கூடியவை.

அப்படியாயின் மருத்துவமனைக்கு விரைந்து என்ன பயன் என்று கேட்கலாகாது. மூளைக்காய்ச்சல்கள் எல்லாம் ஒன்றல்ல. பாக்டீரியாவால் வருவது உண்டு. காசநோய்க் கிருமியால் வருவது உண்டு. மலேரியா மூளைக்கு ஏறுவதும் உண்டு. புதர்களில் உள்ள நுண்ணிய உண்ணி கடித்து வரும் காய்ச்சலும் மூளையைத் தாக்கும். இவற்றுக்கெல்லாம் மருந்து உண்டு. காலத்தில் கொடுத்தால் பிழைக்கலாம். எது வந்துள்ளது என்பதைச் சோதனையின்றி எவராலும் கூற இயலாது. ஆகவே காய்ச்சலோடு வலிப்போ பிதற்றலோ கண்டால் ஒவ்வொரு மணி நேரமும் விலை மதிப்பற்றது.

பிழைத்தவரிடம் எஞ்சி நிற்பது

இந்நோய் கண்டு பிழைத்தவருள் நூற்றுக்கு முப்பது முதல் ஐம்பது பேருக்கு நிலையான ஊனம் தங்கிவிடுகிறது. கைகால் ஊனம் கண்ணுக்குத் தெரியும். மனத்தின் ஊனம் தெரிவதில்லை. இதனை நான் நூல்களில் படிக்கும் முன்னரே கண்டிருக்கிறேன், கண்டும் அறியாதிருந்தேன்.

நான் ஐந்தாம் வகுப்பில் படித்தபோது என் பக்கத்தில் ஒரு தோழன் அமர்ந்திருந்தான். பதினாறாம் வாய்ப்பாட்டை மூச்சுவிடாமல் ஒப்பிப்பான். ஓர் ஐப்பசி மாதம் அவனுக்குக் கடுங்காய்ச்சலும் வலிப்பும் கண்டன. மூன்று நாள் தாயத்தும் திருநீறுமாகக் கழிந்த பின்பே வண்டி பிடித்தார்கள். தைப் பொங்கல் கழிந்து அவன் பள்ளிக்குத் திரும்பினான். இரண்டாம் வாய்ப்பாடே அவனுக்கு வரவில்லை. சொன்னதைச் சற்று நேரத்தில் மறப்பான். திடீரென்று சினந்து கையிலிருப்பதை வீசியெறிவான். ஆசிரியர் அதனைத் திமிர் என்று கருதி அடித்தார். ஊரார் காற்றுச் சேட்டை என்றனர். நாங்கள் சிரித்தோம். அவன் தாய் பள்ளித் திண்ணையிலே நாள்தோறும் காத்திருப்பாள். அடுத்த ஆண்டு அவன் பள்ளிக்கு வரவில்லை.

அக்காய்ச்சலை உண்டாக்கிய கிருமி எதுவென்று எவரும் சோதித்ததில்லை. எதுவாயினும் அவனிடம் நாங்கள் கண்டது திமிருமன்று, பேயுமன்று, காயம். கால் முறிந்தவனை ஓடு என்று எவரும் அடிப்பதில்லை. மூளையில் காயம்பட்டவனை நினைவில் வை என்று அடித்தோம். மனத்தின் செயல்களான நினைவும் பொறுமையும் கவனமும் மூளையின் திசுக்களையே பற்றி நிற்கின்றன என்பதை அறிந்திருந்தால், அன்று அவ்வாறு சிரித்திருக்க மாட்டோம்.

இத்தகையோரைக் கைவிட வேண்டியதில்லை. குழந்தையின் மூளைக்குத் தன்னை ஓரளவு திருத்திக்கொள்ளும் ஆற்றல் உண்டு. பேச்சுப் பயிற்சி, உடற்பயிற்சி, சிறுசிறு பாடங்களாகப் பிரித்து மெல்லக் கற்பித்தல், வலிப்பு மருந்தை மருத்துவர் சொல்லும்வரை நிறுத்தாதிருத்தல் ஆகியவை பயன் தரும். மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016இல் நிறைவேறியது. சட்டம் வரையறுத்த அளவுக்கு ஊனமுற்ற குழந்தைகளுக்கு 6 முதல் 18 வயது வரை இலவசக் கல்வி பெறும் உரிமையை அது அளிக்கிறது. அறிவு வளர்ச்சிக் குறையும் அதில் அடங்கும்.

காக்கும் வழிகள்

முதலாவது தடுப்பூசி. கோரக்பூர்த் துயருக்குப் பின் 2006 முதல் நம் நாட்டில் குழந்தைகளுக்கு இத்தடுப்பூசி பரவலாகப் போடப்பட்டது. நோய் காணும் மாவட்டங்களில் இப்போது ஒன்பதாம் மாதம் முடிந்ததும் ஒரு முறையும், பதினாறு முதல் இருபத்துநான்கு மாதங்களுக்குள் மறுமுறையும் போடுகின்றனர். சித்தூருக்கு அண்டை மாவட்டமான கோலாரில் நோயாளி ஒருவரிடமிருந்து பிரித்தெடுத்த வைரஸைக் கொண்டே ஐதராபாத்தில் ஒரு தடுப்பு மருந்து உருவாக்கப்பட்டு 2013இல் வெளிவந்தது. நம் மண்ணில் தோன்றிய நோய்க்கு நம் மண்ணிலேயே மருந்து கண்டது பெருமைக்குரியது.

இரண்டாவது உழவர் கையில் உள்ளது. வயலில் எந்நேரமும் நீர் தேக்கி வைக்காமல், நிலத்தைச் சில நாள் உலரவிட்டு மீண்டும் நீர் பாய்ச்சுவதைக் காய்ச்சலும் பாய்ச்சலும் என்பர். முட்டையிலிருந்து கொசுவாக ஒரு வாரத்துக்கு மேல் நீர் தேவை. இடையிலே வயல் உலர்ந்தால் புழுக்கள் மடியும், தண்ணீரும் மிச்சமாகும். வயலின் காய்ச்சல் குழந்தையின் காய்ச்சலைத் தடுக்கும் என்று உழவரிடம் சொன்னால் அவர் எளிதில் ஏற்பார். மதுரையில் நிறுவப்பட்ட மருத்துவப் பூச்சியியல் ஆராய்ச்சி மையத்தார், வேப்பம் பிண்ணாக்குப் பூசிய யூரியாவை நெல்வயலில் இட்டுக் கொசுப்புழுக்கள் குறைவதைக் கண்டனர். பயிருக்கு உரம், கொசுவுக்கு நஞ்சு.

மூன்றாவது வீட்டிலுள்ளோர் கடமை. பன்றிக் கொட்டிலைக் குடியிருப்பிலிருந்து தள்ளி வைத்தலும், அந்தியில் குழந்தைக்கு உடல் மறைய உடுத்தலும், இரவில் கொசுவலை கட்டுதலும் பெருஞ்செலவு பிடிப்பன அல்ல.

முடிவுரை

அன்பர்களே, நம்முள் பலர் விடுமுறைக்கு ஊர் திரும்புவோம். ஊரார் நம்மைப் படித்த பிள்ளைகள் என்பர். அப்பெயருக்கேற்ப மூன்று செயல்கள் செய்வோம். கைக்குழந்தை உள்ள வீட்டில், தடுப்பூசி அட்டையை எடுத்துப் பார்த்து, போடாதிருப்பின் சுகாதார நிலையத்தில் கேட்கச் சொல்வோம். எவருக்கேனும் காய்ச்சலோடு வலிப்புக் கண்டால், கையில் இரும்பைத் திணியாமல், வாயில் எதையும் புகட்டாமல், ஒருக்களித்துப் படுக்கவைத்து, உடனே மருத்துவமனைக்கு அனுப்புவோம். நோயில் பிழைத்து மனம் தளர்ந்த பிள்ளை ஒன்று தெருவில் இருக்குமாயின், அதன் அருகே சென்று அமர்ந்து ஒருமணி நேரம் பாடம் சொல்லிக் கொடுப்போம்.

முதலிரண்டும் மூளையைக் காப்பன. மூன்றாவது மனத்தைக் காப்பது. என் தோழனுக்கு அன்று நான் செய்யத் தவறியது அம்மூன்றாவதே.