மணப்பந்தலில் மறைந்தோர் நினைவு
(சிந்தனைப் பாடம்)



திருமணம் உறுதியான வீட்டில் மகிழ்ச்சியோடு ஒரு குறையும் சேர்ந்தே உணரப்படுவதுண்டு. பெண்ணுக்குத் தந்தை இல்லை. அல்லது பிள்ளைக்குத் தாய் இல்லை. “இருந்து பார்க்கக் கொடுத்து வைக்கவில்லையே” என்னும் சொல் எவர் வாயிலிருந்தேனும் வந்துவிடுகிறது. அந்நினைவை மறைத்து வைப்பதா, வெளிப்படுத்துவதா? வெளிப்படுத்தின், எவ்வாறு? இவற்றை இப்பாடத்தில் ஆராய்வோம்.

1. முன்னோர் கண்ட வழி

மறைந்தோரை நினைத்த பின்னரே மணவினையைத் தொடங்குவது தமிழகத்தில் பல குலத்தாரிடமும் உள்ள வழக்கமாகும். வைதிக நெறியினர் திருமணத்திற்கு முன் நாந்தி என்னும் சடங்கைச் செய்வர். இறந்தோர்க்குரிய மற்றைச் சடங்குகளில் எள் இடம்பெறும். நாந்தியில் எள் இல்லை. பூணூலை இடம் மாற்றி அணிதலும் இல்லை. துயரக் குறிகள் நீக்கப்பட்டு, முன்னோர் மங்கல வடிவினராகவே அழைக்கப்படுகின்றனர்.

பிராமணக் குடும்பங்களில் நடைபெறும் சுமங்கலிப் பிரார்த்தனையில், அக்குடும்பத்தில் சுமங்கலியாக மறைந்த பெண்களை நினைந்து புடவை வைத்து வழிபட்டு, சுமங்கலிகளுக்கு விருந்தளிப்பர். வட தமிழ்நாட்டில் பல குலத்தார் பூவாடைக்காரி வழிபாடு செய்வர். குடும்பத்தில் மறைந்த பெண்ணை நினைந்து புதுப்புடவை, மஞ்சள், குங்குமம், பூ ஆகியவற்றை வைத்துப் படையலிடுவர்.

இவ்வழக்கங்களில் நாம் கற்கத்தக்கவை இரண்டு. முதலாவது, நினைவுக்கென ஒரு வேளை முன்னதாகவே ஒதுக்கப்படுகிறது. அழ வேண்டியவர் அப்போது அழுதுவிடலாம். முகூர்த்த வேளையில் நெஞ்சம் தெளிந்திருக்கும். இரண்டாவது, நினைவு ஓர் உயிருள்ளவருக்கு உதவியாக முடிகிறது. மறைந்தவளுக்கென வைத்த புடவையை வீட்டுப் பெண் ஒருத்தி உடுத்திக்கொள்கிறாள்.

2. சிந்திக்க வேண்டிய முரண்

இங்கு ஒரு முரணைக் காண்கிறோம். கணவனுக்கு முன் இறந்த பெண்ணுக்குப் புதுப்புடவையும் படையலும் உண்டு. கணவனுக்குப் பின் உயிர்வாழும் பெண்ணுக்கோ, பல வீடுகளில் அதே திருமணத்தில் பின்வரிசையே கிடைக்கிறது.

தந்தையை இழந்த பெண்ணின் திருமணத்தை எண்ணிப் பாருங்கள். அழைப்பிதழில் ‘அமரர்’ என்றோ ‘தெய்வத்திரு’ என்றோ தந்தை பெயர் அச்சாகிறது. மண்டப வாயிலில் அவர் படம் மாலையுடன் வைக்கப்படுகிறது. பெரியப்பாவும் பெரியம்மாவும் தாரை வார்த்துக் கொடுக்கின்றனர். தனியாளாய்ப் படிக்கவைத்து, நகை சேர்த்து, மணம் பேசி முடித்த தாய், தூண் மறைவிலோ சமையற்கட்டிலோ நிற்கிறாள். படத்திற்கு மாலையிட்டு, அவர் விட்டுச்சென்ற குடும்பத்தைக் காத்தவளை ஒதுக்குவது அவருக்குச் செய்யும் மரியாதையாகுமா?

சட்டத்தில் இதற்கு எத்தடையும் இல்லை. சமணர்க்கும் பொருந்தும் 1955ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டம், மணமக்களுள் ஒருவர் தரப்பின் வழக்கச் சடங்குகளின்படி மணம் நடைபெறலாம் என்கிறது. கணவனை இழந்தவர் மணமேடையில் நிற்கலாகாது என்று கூறவில்லை. தமிழ்நாட்டில் 1967ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம், உற்றார் நண்பர் முன்னிலையில் மாலை மாற்றியோ மோதிரம் அணிவித்தோ தாலி கட்டியோ செய்யும் மணத்தையும் ஏற்கிறது. தடை நம் மனத்தில்தான் உள்ளது.

“அவரே ஒதுங்கிக்கொள்கிறாரே” என்பர் சிலர். உண்மைதான். தன்னால் மகளுக்குத் தீங்கு வருமோ என்ற அச்சத்தை ஊரார் அவருக்குள் விதைத்திருக்கிறார்கள். முகூர்த்த நாளன்று ஒருமுறை அழைத்தால் அவ்வச்சம் நீங்காது. நிச்சயதார்த்தத்தின்போதே, அவருடைய மாமியாரோ நாத்தனாரோ கூறுவதே தக்கது. அவர்கள் சொல்லுக்கே வீட்டில் எடை மிகுதி. மணமகளும் பெரியவர் மனம் நோகாமல், “பெரியப்பா, அப்பாவின் இடத்தில் நீங்கள் நிற்கவேண்டும், அம்மாவும் பக்கத்தில் நிற்கட்டும்” என்று வேண்டலாம். இரண்டாம் வேண்டுகோளை முதலதனோடு சேர்த்தே சொல்வது நன்று.

3. செய்யத்தக்கன

(அ) திருமணத்திற்கு முந்திய நாள்களில் ஒரு மாலையைத் தேர்ந்து, நெருங்கிய உறவினர் மட்டும் கூடி, மறைந்தவரைப் பற்றி ஆளுக்கொரு செய்தி கூறலாம். அவரை அறியாத மருமகனோ மருமகளோ அன்று அவரை அறிந்துகொள்வர்.

(ஆ) படம் வைப்பதாயின், அளவான படமாக ஒருபுறத்தில் ஒரு விளக்குடன் வைத்தால் போதும். மணமக்களை மறைக்கும் அளவு வேண்டா.

(இ) அவர் பெயரால் அறம் ஒன்று செய்யலாம். உணவு, மருந்து, கல்வி, அடைக்கலம் என்னும் நால்வகைத் தானமும் நம்மவர் அறிந்தவையே. ஓர் ஏழைப் பிள்ளையின் ஓராண்டுப் படிப்புச் செலவு, மேடை அலங்காரச் செலவில் ஒரு பகுதியைக் குறைத்தாலே கிடைக்கும்.

(ஈ) தாலி கட்டியவுடன் மணமக்கள் முதலில் வணங்க வேண்டியவர், துணையை இழந்தும் குடும்பத்தைத் தாங்கிய அத்தாயோ தந்தையோ ஆவார். அவர் கையால் அட்சதை விழட்டும்.

இவற்றுள் நான்காவது தவறினால், மற்றை மூன்றும் பயன் தரா என்பதே என் கருத்து. மறைந்தவர் மிகவும் நேசித்தவர்களைப் போற்றும் வீட்டில், மறைந்தவர் தாமாகவே போற்றப்படுகிறார்.

4. வீட்டில் கலந்துரையாட வினாக்கள்

1. நாந்தியில் எள் சேர்க்காததன் கருத்து யாதாகலாம்?
2. நம் குடும்பத்தில் சென்ற திருமணத்தின்போது, கணவரை இழந்த பாட்டியோ அத்தையோ எங்கு அமர்ந்திருந்தார்? அவ்விடத்தை அவருக்குக் காட்டியவர் யார்?
3. அடுத்த திருமணத்தில் அவரை எங்கு அமர்த்தப் போகிறோம்? இதனை அவரிடம் யார், எப்போது கூறுவது?

மூன்றாம் வினாவிற்குரிய விடையை, அழைப்பிதழ் அச்சிடக் கொடுக்குமுன் முடிவு செய்துவிடுதல் நலம்.